ஜன்னல் பக்கம்

வீட்டுக்குப் பிளான் போடும் மென்பொருளின் புதுப் பதிப்பில், தரைத் தேய்மானம் பார்க்கும் வசதி வந்திருந்தது. இன்னும் கட்டாத வீட்டில் முப்பது வருடம் ஆட்கள் நடந்தால் டைல்ஸ் எங்கெங்கே தேயும் என்று அது காட்டிவிடும். ஈரோட்டு இன்ஜினியர் யசோதரா அதை முதன்முதலாக நவநீதன், ஷர்மிளா தம்பதிக்கு ஓட்டிக் காட்டினாள்.

திரையில் வாசல் தேய்ந்து சிவந்தது. அடுப்படி சிவந்தது. டிவிக்கும் ஃபிரிட்ஜுக்கும் நடுவே ஒரு பாதையே விழுந்தது.

"அது நானுங்க" என்று சிரித்தார் நவநீதன்.

பன்னிரண்டாம் வருடத்துக்குப் பிறகு, படுக்கையறையில் கட்டிலின் சுவரோரப் பக்கம் மட்டும்தான் தேய்ந்தது. ஜன்னல் பக்கம் படுப்பவர் அதற்கப்புறம் எழுந்து நடக்கவே இல்லை. 'இங்கே விலை குறைந்த டைல்ஸே போதும்' என்றது மென்பொருள்.

மென்பொருள் அடுத்த கேள்வியைக் கேட்டது. யசோதரா வேறு வழியில்லாமல் அதை வாசித்தாள்.

"ஜன்னல் பக்கம் யாருங்க படுப்பீங்க?"

"நான்தான்" என்றார்கள் இருவரும்.

"உனக்குத்தான் காத்து ஆகாதே. எப்பவும் சுவரோரம்தான படுப்ப?" என்றார் நவநீதன்.

"புது வீட்டுல பழகிக்கிறேனுங்க. நீங்க சுவரோரம் போயிருங்க."

இருவரும் விட்டுக்கொடுப்பதாக இல்லை. யசோதரா இரண்டு பேரையும் ஜன்னல் பக்கமே போட்டாள். மென்பொருள் மறுபடி கணக்குப் பார்த்தது. அப்படியானால் இருவருக்கும் ஒற்றைக் கட்டிலே போதும், அறையில் நிறைய இடம் மிச்சம் என்றது.