எதிர்மனுதாரரின் அண்ணன்

"அண்ணன் பாஸாகலைன்னு எழுதுங்க சார்."

சொல்லிவிட்டாள்.

சாத்தூரிலிருந்து மதுரை வரைக்கும் பஸ்ஸில் அப்பா படித்துப் படித்துச் சொன்னது இந்த ஒன்றைத்தான். வக்கீலிடம் என்ன வேண்டுமானாலும் பேசு. அதை மட்டும் வாயில் எடுக்காதே.

வக்கீல் பேனாவை மூடினார்.

அப்பா தரையைப் பார்த்தார். செல்போனைத் தள்ளிக்கொண்டிருந்த அண்ணன் கார்த்தீஸ்வரனின் விரல் நின்றது.

மேசையில் அவனுடைய கல்யாணப் பத்திரிகையின் நகல் கிடந்தது.

குடும்பத்தின் முதல் பட்டதாரிக்கு அரசு வேலையில் முன்னுரிமை என்றார்கள். அதில்தான் அவளுக்கு இளநிலை உதவியாளர் வேலை வந்தது. பட்டியலில் அவளுக்கு அடுத்து நின்றவர் வழக்குப் போட்டார். இவள் முதல் பட்டதாரியே இல்லை, இவளுக்கு முன்பே அண்ணன் இன்ஜினியர். ஆதாரம், இந்தப் பத்திரிகை. மணமகன் பெயருக்குப் பக்கத்தில் கொட்டை எழுத்தில் பி.இ.

கோர்ட் அவள் வேலைக்குத் தடை போட்டது.

அவன் பி.இ. இல்லை. காலேஜுக்குப் போனான், அவ்வளவுதான். பாதிக்கு மேல் அரியர். ஒன்றையும் எழுதி முடிக்கவில்லை. முதல் பட்டதாரி என்று ஃபீஸ் சலுகை வாங்கியதும் அவன் பேரில்தான். வீட்டுக்கு ஒருத்தருக்குத்தான் கொடுப்பார்கள். அவள் லீவு நாளெல்லாம் தீப்பெட்டி ஆபீஸுக்குக் குச்சி அடுக்கப் போய் பி.எஸ்ஸி. முடித்தாள்.

பி.இ. என்று சொல்லித்தான் பெண் எடுத்தார்கள்.

அண்ணிக்கு இன்றுவரை தெரியாது.

அப்பா வக்கீலிடம் கெஞ்ச ஆரம்பித்தார். வேறு ஏதாவது எழுத முடியாதா. சட்டத்தில் சந்து பொந்து இருக்காதா. பையனுடைய மாமனார் வீட்டுக்குத் தெரிந்தால் ஊரில் தலைகாட்ட முடியாது. பொட்டப்பிள்ளைக்கு வேலை இல்லாவிட்டால் என்ன குடிமுழுகிப் போகிறது, நாளைக்கே ஒருத்தன் கையில் பிடித்துக் கொடுத்தால் தீர்ந்தது.

அந்த ஒரு வரி இல்லையென்றால் கேஸே இல்லை என்றார் வக்கீல்.

அண்ணன் முதல் முறையாக வாய் திறந்தான்.

"என்னைய அசிங்கப்படுத்தித்தான் நீ ஆபீஸர் ஆகணுமாக்கும்?"

ஆபீஸர்.

பஸ் ஸ்டாண்டில் அப்பா அவனுக்கு மட்டும் வாங்கிக் கொடுத்த முட்டை போண்டாவின் எண்ணெய் இன்னும் அவன் உதட்டோரத்தில் மினுங்கியது. துடைக்கக்கூட இல்லை. சட்டையில் ஒட்டியிருந்த துணுக்கை அப்பாதான் துண்டு நுனியால் தட்டிவிட்டார்.

இருபத்தெட்டு வயது.

"தங்கச்சிதானடா, விட்டுக்குடுத்துருவா" என்றார் அப்பா.

அவனிடம். அவளிடம் இல்லை.

வக்கீல் அவள் பக்கம் திரும்பினார். என்னம்மா எழுதட்டும் என்று கேட்டார்.

"சொன்னதுதான் சார்."

அவர் குமாஸ்தாவுக்குத் தலையசைத்தார். குமாஸ்தா கீபோர்டை இழுத்து வைத்துக்கொண்டு பதில் மனுவின் முதல் பத்திக்கு ஒவ்வொன்றாகக் கேட்டார். பெயர். தகப்பன் பெயர். வயது.

சொன்னாள்.

தன் பெயரைக் கேட்டதும் அப்பா நிமிர்ந்தார்.

"விலாசம்?"

அப்பா பழக்கத்தில் முந்திக்கொண்டு, சாத்தூர் தாலுகா என்று ஆரம்பித்தார்.

அவள் அவரை நிறுத்தினாள். மதுரை, கோரிப்பாளையம், பெண்கள் விடுதி, அறை எண் பதினான்கு. வீட்டில் சொல்லாமல் போன வாரமே பணம் கட்டிப் பிடித்த இடம்.

குமாஸ்தா அடித்தார்.

"அது யாரு வீடுத்தா?" என்றார் அப்பா.

கையெழுத்துப் போட நாளைக் காலையில் வருவதாக வக்கீலிடம் சொல்லிவிட்டு அவள் எழுந்தாள். அண்ணன் காலை மடக்கி வழிவிடவில்லை. தாண்டிப் போனாள்.

படி இறங்கும்போது, அப்பா அதையே இன்னொரு தரம் கேட்பது காதில் விழுந்தது.

இந்த முறை குமாஸ்தாவிடம்.