ஒரே அடுப்படி

மாடிவீட்டுக்காரி தன் அடுப்பைத் தூக்கிக்கொண்டு படியிறங்கி வந்தபோது, கீழ்வீட்டுக்காரி கதவைத் திறந்து வைத்துக் காத்திருந்தாள்.

இருவரும் ஓரகத்திகள். அண்ணன் குடும்பம் கீழே, தம்பி குடும்பம் மேலே. பேச்சுவார்த்தை நின்று போய் ஒரு வருஷத்துக்கு மேல் ஆகிறது.

எல்லாம் வீட்டு வரியால் வந்த வினை. கீழே நான்கு அறை, மேலே இரண்டே அறை. வரி மட்டும் சரிபாதி. இது எந்த ஊர் நியாயம் என்று சின்னவள் கேட்டாள். சொத்தில் பங்கு என்றால் பாதி இனிக்கும், வரி என்றால் பாதி கசக்குமோ என்று பெரியவள் திருப்பிக் கேட்டாள். அத்தோடு சரி.

சொந்தபந்தமெல்லாம் சமாதானம் பேசியும் நடக்காத காரியம், வரி ஆபீஸ் நோட்டீஸால் நடந்துவிட்டது. இன்று அதிகாரி கட்டடத்தைப் பார்க்க வருகிறார். இரண்டு அடுப்படி இருந்தால் இரண்டு வீடு என்று எழுதிவிடுவார். மொத்த வரியும் எகிறிவிடும்.

ஆகவே இன்று ஒருநாள் எல்லோரும் ஒரே குடும்பம்.

மாடி அடுப்புமேடையில் இஸ்திரிப் பெட்டி ஏறியது. பாத்திரம் கழுவும் தொட்டிக்குள் ஒரு பூச்செடி போய் உட்கார்ந்தது, பாவம். சின்னவளின் அடுப்பு கீழ்வீட்டுக் கட்டிலுக்கடியில் பதுங்கியது.

சமையலைச் சேர்ந்து தொடங்கினார்கள். வெகுநேரம் கரண்டிச் சத்தம் மட்டும்தான். பிறகு சின்னவள் வெங்காயம் நறுக்குகிற லட்சணத்தைப் பார்த்துப் பெரியவளுக்கு வாய் சும்மா இருக்கவில்லை. சின்னவளும் விடவில்லை. ஒருவரையொருவர் வாரிக்கொண்டே இருந்ததில் இருவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது. வந்ததை எங்கே ஒளிப்பதென்றுதான் தெரியவில்லை.

மத்தியானம் பெரியவளுக்கு ஒரு போன் வந்தது. வாசல்பக்கம் போய்ப் பேசிவிட்டு வந்தவள், அதிகாரி என்னென்ன கேட்பார் என்று ஒத்திகை பார்க்க ஆரம்பித்தாள்.

"வீடு அண்ணன் தம்பி ரெண்டு பேர்லயும் இருக்கே, வரிய எப்படிப் பிரிச்சுக்கறீங்கன்னு கேப்பாரு. நாலு ரூமுக்கு நாங்க, ரெண்டு ரூமுக்கு அவங்க, அதுதானே நியாயம்னு சொல்லப்போறேன்" என்றாள், பாத்திரத்தைவிட்டுக் கண்ணை எடுக்காமல்.

சின்னவளுக்குச் சுருக்கென்றது. இந்த ஒரு வார்த்தைக்காகத்தானே இத்தனை நாள் அடித்துக்கொண்டாள்! முன்பின் தெரியாத அதிகாரிக்காக என்றால் எவ்வளவு சுளுவாக வருகிறது. ஆனாலும் கேட்க நன்றாகத்தான் இருந்தது.

மாலைவரை யாரும் வரவில்லை. வாசலில் வண்டிச் சத்தம் கேட்கும்போதெல்லாம் சின்னவள் எழுந்து எழுந்து உட்கார்ந்தாள். பெரியவள் அசையவே இல்லை.

வேலை முடிந்து வந்த பெரியவளின் கணவர், பையைக் காலால் கட்டிலுக்கடியில் தள்ளப்போய் விரலை இடித்துக்கொண்டார். குனிந்து பார்த்துவிட்டு மனைவியிடம் திரும்பினார்.

"இந்த அடுப்பு இன்னும் இங்க என்ன பண்ணுது? ஆபீசர் வரமாட்டாராம், பழைய வரியே போதுமாம்னு மத்தியானமே போன்ல சொன்னேனே!"

பெரியவள் காதில் விழாதவள்போலத் தட்டுகளை எடுத்து வைத்துக்கொண்டிருந்தாள். இரண்டு வீட்டுக்கும் சேர்த்து.

சின்னவள் தன் கணவனைச் சாப்பிடக் கூப்பிடப் படியேறினாள். பாதிப் படியில்தான் அவளுக்கு உறைத்தது: போன் பேசிவிட்டு வந்த பிறகல்லவா பெரியவள் அந்த நியாயத்தைச் சொன்னாள்!