ஜன்னலுக்கு வெளியே

"டார்லா, ஊர்லயே அதிகமா புத்தகம் எடுத்தவங்க உங்க அம்மாதான். அவங்க பேர் பொறிச்ச இந்தப் பலகையை நடுச்சுவர்ல மாட்டிடவா?" என்றாள் நூலகர் மார்ஜ்.

"வேணாம். அம்மாவோட சிநேகிதி ஒடெஸா அத்தை பேரையும் சேத்து, அந்த ஜன்னலுக்கு வெளிய மாட்டுங்க."

"அவங்க ஒண்ணுகூட எடுத்ததில்லையே!"

"எப்படி எடுப்பாங்க? அப்போ கறுப்பர்களை உள்ளயே விடல. அத்தை ஜன்னலுக்கு வெளிய நின்னு கைகாட்டுவாங்க, அம்மா எடுத்துட்டு வருவாங்க. போற சர்ச்கூட வேற வேற. ஆனா சாயங்காலம் எங்க சமையல்கட்டுல அத்தை சத்தமா வாசிக்க, அம்மா பட்டாணி உரிச்சுக்கிட்டே கேப்பாங்க."

"மாத்தி மாத்தி வாசிச்சிருப்பாங்க, இல்லையா?"

பலகையில் பொறித்திருந்த அம்மாவின் பெயரை டார்லா விரலால் தடவினாள்.

"இதைக்கூட வாசிக்கத் தெரியாது மார்ஜ், அம்மாவுக்கு."