டிவியில் கெட்டவனான ஆமை

ஒரு வீடியோ கேமில் ஓர் ஆமை இருந்தது. அரக்கனோடு சண்டைக்குப் போகும் முயல் வீரர்களை முதுகில் ஏற்றி ஆற்றைக் கடத்திவிடுவதுதான் அதன் வேலை.

அந்த கேமை ஒரு நரி டிவி தொடராக எடுத்தது. தொடரில் வந்த ஆமையோ நடு ஆற்றில் முயலைக் கவிழ்த்துவிட்டுச் சிரித்தது.

"நான் யாரையும் கவிழ்த்ததே இல்லையே!" என்று ஆமை நரியிடம் போய்க் கேட்டது.

"சும்மா சுமந்துகொண்டு போனால் யார் பார்ப்பார்கள்? இப்போது உன்னை ஊருக்கே தெரியும், போ," என்றது நரி.

ஆமை கரைக்குத் திரும்பியது. முயல்கள் அதைக் கண்டதும் ஒதுங்கின. வேறு வழி தேடிப் போய்ச் சேற்றில் சிக்கின. அப்படியும் ஆமை இடத்தைவிட்டு நகரவில்லை.

ஒருநாள் ஒரு முயல் அருகில் வந்தது. "நீ கவிழ்த்துவிடுவாய். டிவியில் பார்த்தேன்."

"அப்படியென்றால் ஏறாதே. என் ஓட்டின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு கூடவே நீந்தி வா."

நடு ஆற்றில் சுழல் இழுத்தது. முயலின் பிடி நழுவியது. ஆமை சட்டென்று முழுகி, முயலுக்கு அடியில் போய், முதுகைக் கொடுத்து எழும்பியது.

அக்கரை சேர்ந்த முயல், எதிர்க்கரையில் ஒதுங்கி நின்ற முயல்களைப் பார்த்துக் கத்தியது: "பயப்படாமல் ஏறுங்கள்! நான் ஏறித்தான் வந்தேன்!"

ஆமை அதற்குள் அடுத்த முயலை ஏற்றிவரப் பாதி ஆறு திரும்பிப் போயிருந்தது.