சட்டியில காணாமப் போன துண்டு

"சாமிக்கு வச்ச மீனு எவ வாயிலடி போச்சு?"

மாமியார் நிஸ்தாரிணி போட்ட சத்தத்துல, தூங்கிட்டிருந்த வாத்தெல்லாம் குளத்துல இறங்கிடுச்சு. கத்தி முடிச்சதும் ஒரு இருமல். அப்புறம் தொண்டையைப் பிடிச்சுக்கிட்டு ஒரு செருமல்.

"மெதுவா கத்துங்கம்மா, தொண்டை கட்டிக்கும்"னா மூத்த மருமக சபிதா.

அன்னிக்கு மனசா தேவி பூஜை. பாம்புக்கெல்லாம் தாயி அவ. அன்னிக்கு முழுக்க அடுப்பு பத்த வைக்கக் கூடாது. முந்தின ராத்திரியே சமைச்சு, காலையில அடுப்புக்குப் பூ வச்சுப் படைச்சுட்டு, அப்புறம்தான் பழைய சோறும் ஆறின இலிஷ் மீன் குழம்பும் வீட்டு மனுஷங்களுக்கு. படைக்கறதுக்கு முன்னாலயே சட்டியில நல்ல வயித்துத் துண்டைக் காணோம்.

சந்தேகம் யார் மேல வரும்? சமைச்சவ மேலதான். சின்ன மருமக மொய்னா, சமைச்ச அலுப்புல அடுப்படித் தரையிலயே பாயைப் போட்டுத் தூங்கியிருந்தா.

"நான் தாலியறுத்தவ, மீனைத் தொடக் கூடாதவ. மீன் கழுவின தண்ணி கால்ல பட்டாலே குளிக்கிறவ. என் வீட்டுல சாமி சோத்துலயே கை வைக்கறாளுக" - மறுபடி செருமல்.

"நான் எடுக்கலம்மா"ன்னு எந்திரிச்ச மொய்னாவுக்கு வயித்துல யாரோ துணி பிழியற மாதிரி ஒரு வலி. அப்படியே சுருண்டு படுத்துட்டா.

சபிதா மோவாயில கை வச்சுக்கிட்டா. "பாத்தீங்களா? தேவி சும்மா விடுவாளா? உள்ள போன மீனு நீந்துது."

மொய்னா புருஷன் பலாய் வேப்பங்குச்சியை மென்னுக்கிட்டே வந்தான். "ஏண்டி, கேட்டிருந்தா என் பங்கையே குடுத்திருப்பேன்ல?"

"நான் திங்கலங்க."

"சரி, திங்காததுக்கு ஒரு சோடா குடிக்கிறியா?"

"சோடாவுக்குக் கேக்கற வலியா இது?"ன்னா சபிதா. "அடுப்பு முன்னால விழுந்து நான்தான் தின்னேன்னு சொல்லட்டும். உடனே போயிடும்."

வலி போகல. தொண்டைக்கு ஏறுச்சு. எச்சில் முழுங்க முடியல. கண்ணைத் திறக்கணும்னு மொய்னா நினைக்கிறா, இமை பேச்சு கேக்கல. காது மட்டும் தெளிவா இருந்துச்சு.

"கொழுப்பப் பாருங்க, பேசிக்கிட்டு இருக்கும்போதே தூங்கறா. ஒத்துக்கோடி சின்னவளே, ஒத்துக்கிட்டா தீந்துச்சு"ன்னா சபிதா.

ஒத்துக்கிட்டாத்தான் என்னன்னு மொய்னாவுக்கே தோணிடுச்சு. சொல்லலாம்னா நாக்கு புரளல.

நிஸ்தாரிணி சத்தம் திடீர்னு நின்னு போச்சு. கிட்ட வந்து உக்காந்து, தொங்கின இமையை விரலால தூக்கிப் பாத்தா. விட்டா. அது தொப்புன்னு விழுந்துச்சு.

"ராத்திரி இவ கொசுவலை கட்டினாளா?"

"எங்க கட்டினா? வெறும் பாய்தான்."

"பலாய், வேனை எடு. ஆஸ்பத்திரிக்குப் போகணும்."

"மீனு செரிக்காததுக்கு ஆஸ்பத்திரியா? ஊரே சிரிக்கும்மா."

"மீன் இல்லடா. பாம்பு."

"பாம்பா?" சபிதாவுக்குச் சிரிப்பு வந்துடுச்சு. "அதுங்க திருநாள் அன்னிக்கா வந்து கடிக்கும்? கடிச்ச தடம் எங்க? மீனேதாம்மா."

"ஆமாம்மா, மீனுதான்"னு பலாயும் குச்சியை மறுபடி வாயில வச்சான்.

நிஸ்தாரிணி அடுப்பைப் பாத்தா. மொய்னாவைப் பாத்தா. அப்புறம் மகன் காதைப் பிடிச்சு இழுத்து, அதுக்குள்ள என்னவோ சொன்னா. நாலு வார்த்தைகூட இருக்காது.

பலாய் வாயிலேருந்து குச்சி கீழ விழுந்துச்சு. அம்மாவை ஒரு பார்வை பாத்துட்டு, வேனை எடுக்க ஓடினான்.

மறுநாள் சாயங்காலம் ஆஸ்பத்திரியில மொய்னாவோட இமை தானா திறந்துச்சு.

"கட்டுவிரியன்"னார் டாக்டர். "தரையில படுத்தவங்க பாயிக்குள்ள வந்துடும். கடிச்சது தெரியாது, தடமும் தெரியாது. விடிஞ்சா வயித்து வலி. எல்லாரும் சோத்தைக் குத்தம் சொல்லிக்கிட்டே நேரத்தை விட்டுடுவாங்க. இன்னும் கொஞ்சம் தாமதிச்சிருந்தா மூச்சு நின்னிருக்கும். உன் மாமியார் கெட்டிக்காரிம்மா."

வெளிய சபிதாவும் வர்றவங்க போறவங்ககிட்ட அதையேதான் சொல்லிக்கிட்டிருந்தா. "எங்க மாமியாருக்கு தேவியே காதுல வந்து சொல்லியிருக்கா."

நிஸ்தாரிணி கட்டில் பக்கத்துல உக்காந்து, வெறும் சோத்தை உருண்டை உருண்டையா உருட்டி, மெல்லாம முழுங்கிக்கிட்டிருந்தா.

"அம்மா, சத்தியமா மீனை நான் எடுக்கல."

"தெரியும்டி."

"எல்லாரும் என்னைச் சொன்னப்ப, நீங்க மட்டும் எப்படிம்மா நம்பினீங்க?"

நிஸ்தாரிணி வாசப்பக்கம் ஒரு தரம் எட்டிப் பாத்தா. டாக்டர் அடுத்த கட்டிலுக்குப் போயிட்டார். மொய்னா காதுகிட்ட குனிஞ்சா.

"உங்க மாமனார் போனதுலேருந்து மீனைத் தொடல, பழக்கம் விட்டுப் போச்சு. இலிஷ் முள்ளு தொண்டையில சிக்கினா அந்த டாக்டர் எடுப்பாரான்னு கேளேன். உனக்குன்னு சொல்லிக் கேளு."