டோரதி அம்மாளின் சிவப்புக் கவுன்

எழுபத்தாறாம் வருஷம் திருவண்ணாமலையில் கணவரைத் தகனம் செய்த இங்கிலாந்துக்கார டோரதி அம்மாள், சில மாதங்களில் தங்கை கல்யாணத்துக்கு ஊர் கிளம்பினார். வெள்ளைக் கவுனைச் சிவப்பாக்கச் சொல்லிச் சாயக்காரர் ஜியாவுல்லாவிடம் கொடுத்தார்.

"உங்க ஊர்ல துக்கத்துக்குக் கறுப்பாச்சேம்மா?"

"பாட்டி காலத்துல ரெண்டு வருஷம் கறுப்பு, பாய். இப்ப யாரும் பாக்கறதில்ல. கறுப்புல போனா தங்கச்சி அழுவா."

கவுன் கறுப்பாக வந்தது. வேறொன்று கொடுத்தார், அதுவும் கறுப்பு.

"செவப்புதாம்மா போட்டேன். கையப் பாருங்க."

கை சிவப்பாகத்தான் இருந்தது.

கடைசியில் கடையில் சிவப்புச் சேலை வாங்கிக் கட்டிக்கொண்டு விமானம் பிடிக்க பஸ் ஏறினார். வழியனுப்பப் போன தெருக்காரர்கள் நாங்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே சேலை கறுத்தது.

"கொஞ்சம் தள்ளி உக்காருங்கம்மா" என்றாள் பக்கத்து சீட்டுக்காரி. அவளுடைய மஞ்சள் முந்தானை அதற்குள் பாதி கறுத்திருந்தது.