பழுப்புப் பாறை

நாட்டின் புதிய நிலவியல் வரைபடம் மறுநாள் அச்சுக்குப் போக இருந்தது. துறையில் புதிதாகச் சேர்ந்த பெண், பதினோரு நாள் மலையெல்லாம் அலைந்து சரிபார்த்துவிட்டு, உடுப்பில் இருந்த தூசியைக்கூடத் தட்டாமல் இயக்குநர் அறைக்குள் நுழைந்தாள்.

"சார், வடக்கு மலையில பழுப்பு நிறத்துல ஒரு பாறை காட்டியிருக்கோமே, அப்படி ஒண்ணு அங்க இல்லவே இல்ல."

"சரியாத் தேடினியாம்மா? அறுபது வருஷமா எல்லா வரைபடத்துலயும் இருக்கே."

"அதான் சார் வினை. ஒவ்வொருத்தரும் முந்தினதைப் பார்த்து அப்படியே போட்டிருக்காங்க. கையால வரைஞ்ச முதல் படத்தைத் தேடி எடுத்தேன். அது பாறை இல்ல சார், டீக்கறை. டம்ளர் வச்ச வளையம்கூடத் தெரியுது."

இயக்குநர் பழைய படத்தின் மேல் லென்ஸை வைத்து வெகுநேரம் பார்த்தார். பிறகு புதிய படத்தில் அந்தப் பாறையைச் சிவப்பு மையால் அடித்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார்.

அவளுக்குத் தலைகால் புரியவில்லை. "இதுல கூத்து என்னன்னா சார், இந்தப் பாறையை வச்சு ஒருத்தர் டாக்டர் பட்டமே வாங்கியிருக்கார். அந்த ஆய்வேடு நம்ம நூலகத்துல இருக்கு. அட்டை கிழிஞ்சு போனதால பேர் தெரியல. பாறையோட வயசு, கடினம், உள்ள இருக்கற தாதுன்னு முன்னூறு பக்கத்துக்கு விளாசியிருக்கார். மனுஷன் எந்த மலைக்குப் போய்ப் பார்த்தாரோ."

இயக்குநர் பேனாவை மூடினார். கதவு சாத்தியிருக்கிறதா என்று எட்டிப் பார்த்துக்கொண்டார்.

"எங்கயும் போகலம்மா," என்றார். "அந்த வருஷம்தான் எனக்குக் கல்யாணம் ஆச்சு."